குசுக் கதை கேட்கும் பிள்ளை

கேள்வி: என் எட்டு வயது மகன் குசு விடும் கதைப் புத்தகத்தையே திரும்பத் திரும்ப வாசித்துச் சிரிக்கிறான். பிடுங்கி வைக்கலாமா?
– ஒரு தாய், கொடைக்கானல்

பதில்: வேண்டாம்மா. நானும் இந்த மலையில் பிள்ளைகளுக்குக் கதை வாசிப்பவள்தான். எழுத்துக்கூட்டவே திணறிய ஒரு சிறுமி, 'டர்ர்ர்' வரும் இடத்துக்காகவே முழுப் பக்கத்தையும் வாசித்து முடித்தாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. பெரியவர்களும் காசு கொடுத்துச் சிரித்ததுதானே இது! 1892-இல் பாரிஸின் மூலான் ரூஜ் அரங்கில் ஜோசப் புஜோல் இந்த வித்தையைக் காட்டியே புகழ்பெற்றார். (உள்ளே இழுத்த வெறும் காற்றுதான், நாற்றமில்லை.) கூடப் படிக்கும் பிள்ளையைக் கேலி செய்தால் மட்டும் கண்டியுங்கள். மலை ஏறும்போது குசு வரும் காரணத்தையும் சொல்லிக்கொடுங்கள்: வத்தலக்குண்டிலிருந்து பஸ் ஏற ஏற சிப்ஸ் பாக்கெட் உப்புகிறதல்லவா? மேலே காற்றழுத்தம் குறைவு. வயிற்று வாயுவும் அப்படித்தான் விரிகிறது.