மீந்த சோறு, மீந்த கறி, ஒரு ட்ரே: கேள்வி பதில்

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வடசென்னையில் அளவு பார்த்துச் சமைக்கிற வீடு குறைவு. திங்கட்கிழமை ஃபிரிட்ஜைத் திறந்தால் ஒரு டப்பாவில் சோறு, ஒரு கிண்ணத்தில் கறி. பெரம்பூரில் வீட்டிலேயே பேக்கிங் ஆர்டர் எடுத்துச் செய்கிறேன். இந்த ரெண்டையும் ட்ரேயில் அடுக்கி, ஓவனில் வைத்து பேக்டு ரைஸ் ஆக்குவது பற்றிப் பலர் கேட்டதற்கு இங்கே பதில் சொல்கிறேன்.

கேள்வி (கொடுங்கையூர்): அக்கா, மட்டன் குழம்பும் வெள்ளைச் சோறும் மீந்துபோச்சு. ஓடிஜி (சின்ன மின்சார ஓவன்) இருக்கு. நாலு பேருக்கு அளவு சொல்லுங்க.

பதில்: சோறு 4 கப், எலும்பு நீக்கிய கறி 2 கப், குழம்பு 1 கப். இதோடு 2 முட்டை, அரை கப் பால், பெரிய வெங்காயம் ஒன்று, மேலே தூவ நாலு ரஸ்க். 8 அங்குல சதுர ட்ரே சரியாக இருக்கும்.

ஃபிரிட்ஜில் இருந்து எடுத்த குழம்பின் மேல் கொழுப்பு வெள்ளையாக உறைந்து நிற்கும். அதைக் கொட்டிவிடாதீர்கள். ஸ்பூனால் வழித்து, கொஞ்சத்தை ட்ரேயில் தடவுங்கள், மீதியில் வெங்காயத்தைச் சிவக்க வதக்குங்கள். வெண்ணெய்ச் செலவு மிச்சம், ருசியும் அதில்தான் இருக்கிறது. பிறகு குழம்பை நன்றாகக் கொதிக்கவிட்டு, கறித்துண்டுகளை வெளியே எடுத்து, கை பொறுக்கும் சூட்டில் நார் நாராகப் பிய்க்க வேண்டும். ஆறவிட்டால் கறி இறுகிவிடும், பிய்த்தாலும் துண்டு துண்டாகத்தான் வரும். எலும்புச் சில்லு இருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்த்துவிடுங்கள். கத்தியால் பொடியாக நறுக்குவதை விட இப்படிப் பிய்ப்பது மேல், ஒவ்வொரு நாரும் குழம்பை இழுத்துக்கொள்ளும்.

பாதிக் குழம்பைக் கறியோடும், மீதியைச் சோற்றோடும் கலந்துகொள்ளுங்கள். கீழே பாதிச் சோறு, நடுவில் கறியும் வெங்காயமும், மேலே மீதிச் சோறு. முட்டையைப் பாலோடு அடித்து மேலே பரவலாக ஊற்றுங்கள். குழம்பு கொதிக்கிற சூட்டில் இருந்தால் முட்டை அங்கங்கே திரிந்துவிடும், அஞ்சு நிமிடம் பொறுத்து ஊற்றுங்கள். ஃபாயிலால் இறுக்க மூடி, முன்னாடியே சூடேற்றிய ஓவனில் 180 டிகிரியில் 25 நிமிடம். அப்புறம் ஃபாயிலை எடுத்துவிட்டு ரஸ்க் தூளைத் தூவி, ஓவனின் மேல்பக்கச் சூட்டுக் கம்பியை (ராடை) ஆன் செய்து இன்னும் 8 முதல் 10 நிமிடம். வெளியே எடுத்ததும் வெட்ட வேண்டாம், பத்து நிமிடம் விட்டால்தான் துண்டு துண்டாக வரும்.

உப்பு மட்டும் கலந்த பிறகு ருசி பார்த்துப் போடுங்கள். குழம்பில் ஏற்கெனவே இருக்கிறது, சோற்றில் இல்லை.

கேள்வி (தண்டையார்பேட்டை): நான் போன வாரம் பண்ணினேன். மேலே நல்ல கலர், உள்ளே மணல் மாதிரி உதிருது. ஓவன் சூடு அதிகமா?

பதில்: சூடு காரணம் இல்லை, ஈரம்தான் போதவில்லை. வெந்த சோறு ஃபிரிட்ஜ் குளிரில் இருக்கும்போது அதில் இருக்கிற மாவுச்சத்து மறுபடி இறுகிவிடும். திரும்ப மெத்தென்று ஆக அதற்குச் சூடும் வேண்டும், தண்ணீரும் வேண்டும். நீங்கள் சூட்டை மட்டும் கொடுத்திருக்கிறீர்கள். சோற்றைக் கட்டியில்லாமல் உதிர்த்து, கப்புக்கு ரெண்டு மூன்று ஸ்பூன் வெந்நீர் தெளித்து, அதற்கு மேலும் குழம்போ பாலோ சேர்க்க வேண்டும். ட்ரேயில் போட்டதும் பார்த்தால் 'கொஞ்சம் தளர்வாகப் போச்சோ' என்று தோன்ற வேண்டும், அதுதான் பதம். ஃபாயில் மூடாமல் வைத்தீர்களா? அதுவும் ஒரு காரணம். ஃபேன் ஓடுகிற ஓவனாக இருந்தால் இன்னும் சீக்கிரம் காயும், சூட்டை 160க்குக் குறைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி (வியாசர்பாடி): ஓவனே இல்லையே அக்கா. கேஸ் அடுப்புதான். குக்கர்ல கேக் பண்ற மாதிரி பண்ணலாமா?

பதில்: செய்யலாம், குக்கரில் வேண்டாம். தண்ணீர் இல்லாமல் அரைமணி நேரம் சூடாக்கினால் சேஃப்டி வால்வு கெட்டுப்போகும். அடுத்த நாள் அதே குக்கரில் பருப்பு வைக்கும்போது அதை நம்ப முடியாது.

பிரியாணிக்கு வைத்திருக்கிற கனமான அலுமினிய டபரா இருக்கிறதா? அடியில் கல்லுப்பை ஒரு விரல் கனத்துக்குப் பரப்பி, அதன் மேல் ஒரு ஸ்டாண்ட் வைத்து, மூடி போட்டு மிதமான தீயில் பத்து நிமிடம் காயவிடுங்கள். ட்ரேக்குப் பதிலாக அகலமான எவர்சில்வர் கிண்ணம் போதும். ஃபாயிலோ தட்டோ போட்டு மூடி உள்ளே இறக்கி, சிறு தீயில் 35 நிமிடம். அந்த உப்பைச் சமையலுக்கு எடுக்க முடியாது, ஆறியதும் டப்பாவில் போட்டு வைத்தால் அடுத்த தடவையும் இதற்கே ஆகும்.

இதில் ஒரு குறை, மேலே சிவக்காது. கல்யாண வீட்டில் பாய் பிரியாணிக்கு தம் போடும்போது மூடி மேல் கரி நெருப்பை அள்ளிப் போடுவாரே, மேலே இருந்தும் சூடு வரத்தான் அது. வீட்டு கேஸ் அடுப்பில் அதற்கு வழியில்லை. அதனால் ரஸ்க் தூளைத் தனியாக வாணலியில் நெய்விட்டு மொறுமொறுப்பாக வறுத்து, பரிமாறும்போது தூவிவிடுங்கள். சாப்பிடுகிறவருக்கு வித்தியாசம் தெரியாது.

கேள்வி (ராயபுரம்): ராத்திரி சோற்றை ஹாட்பேக்கில் போட்டு அப்படியே மறந்துட்டேன். காலையில் வாடை எதுவும் இல்லை. ஓவன் சூட்டில் எல்லாக் கிருமியும் செத்துடுமில்ல?

பதில்: வேண்டாம்மா, கொட்டிவிடுங்கள். இதில் மட்டும் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

அரிசியில் பேசிலஸ் செரியஸ் என்று ஒரு பாக்டீரியாவின் வித்துகள் இருக்கும். சோறு கொதித்தாலும் அவை சாகாது. சோறு வெதுவெதுப்பாகக் கிடந்தால் முளைத்துப் பெருகும், சில வகை ஒரு நஞ்சையும் விடும். அந்த நஞ்சு சூட்டுக்கு அழியாது. 180 டிகிரியில் வைத்தாலும் கிருமி சாகும், நஞ்சு அப்படியே இருக்கும். வாடையும் வராது, நிறமும் மாறாது, சாப்பிட்ட சில மணி நேரத்தில் வாந்தி. ஹாட்பேக் சாப்பாட்டு நேரம் வரைக்கும் நல்ல சாமான்தான். ராத்திரி முழுக்க விட்டால் கிருமிக்கு ஏற்ற வெதுவெதுப்பில் சோற்றை வைத்துக் காப்பது போல ஆகிவிடும்.

மீந்த சோற்றை அகலமான தட்டில் பரப்பி ஆறவிட்டு, ரெண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்துவிட வேண்டும். சித்திரை வெயிலில் ஒரு மணி நேரம்தான் கணக்கு. சோற்றை மறுநாளே தீர்த்துவிடுங்கள், கறிக்குழம்பு மூன்று நாள் வரை தாங்கும். பேக்டு ரைஸ் நன்றாக வருவதும் வராததும் முந்தின ராத்திரி நீங்கள் டப்பாவை எப்போது உள்ளே வைத்தீர்கள் என்பதில்தான் இருக்கிறது. ஓவன் வேலை அதற்கு அப்புறம்தான்.

கேள்வி (புளியந்தோப்பு): அப்போ பழைய சோறு மட்டும் எப்படி ஆகுது? அதைப் பிழிஞ்சு போடலாமா?

பதில்: பழையது தண்ணீரில் ஊறிப் புளிக்கிற சோறு, அதில் வளர்வது தயிரில் இருக்கிற வகைப் பாக்டீரியா. ஹாட்பேக் சோற்றோடு அதைச் சேர்த்துப் பேச வேண்டாம். பிழிந்து பேக் செய்தால் கூழாகிவிடும். சின்ன வெங்காயம், மோர், கருவாடு இருக்கும்போது அதை ஓவனில் வைப்பானேன்?

கேள்வி (பெரம்பூர்): எங்கள் வீட்டில் ஞாயிறு என்றால் மஞ்சள் சோறும் பால் கறியும் (Ball curry). ரெண்டும் மீந்தால் இதே முறைதானா?

பதில்: நம்ம தெருப்பக்கம் இருந்து இந்தக் கேள்வி வராமல் இருக்குமா! ரயில்வே குடியிருப்புப் பக்கம் ஆங்கிலோ இந்தியன் வீடுகளின் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு இது. தெரியாதவர்களுக்கு: தேங்காய்ப் பாலில் மஞ்சள் போட்டு வேகவைக்கிற சோறு, கொத்துக்கறி உருண்டைக் குழம்பு, கூடவே வெங்காயம், மிளகாய், வினிகர் போட்டு அரைத்த டெவில் சட்னி. பேக் செய்வதற்கென்றே சமைத்தது மாதிரி இருக்கும்.

முறையில் மூன்று மாற்றம். பசும்பாலுக்குப் பதில் தேங்காய்ப் பால். கறி உருண்டைகளைப் பிய்க்காமல் ரெண்டாக வெட்டி, வெட்டிய பக்கம் கீழே பார்க்க அடுக்குங்கள், குழம்பு உள்ளே இறங்கும். மேலே ரஸ்க்குக்குப் பதில் வேகவைத்து மசித்த உருளைக்கிழங்கை ஒரு விரல் கனத்துக்குப் பூசி, ஃபோர்க்கால் கோடு கிழித்து, கொஞ்சம் வெண்ணெய் வையுங்கள். அந்த வரம்புகள்தான் முதலில் சிவக்கும். டெவில் சட்னியை உள்ளே போடாதீர்கள், நீர் விட்டுவிடும். தொட்டுக்கொள்ளத்தான் அது. தேங்காய்ப் பால் சோறு சீக்கிரம் சளித்துப் போகும், அதனால் ஃபிரிட்ஜ் விஷயத்தில் இன்னும் கறாராக இருங்கள்.

கேள்வி (ஓட்டேரி): பிரியாணி மீந்தா? கூடவே தால்சாவும் இருக்கு. முட்டை சேர்க்க மாட்டோம்.

பதில்: மட்டன் இருக்கும், முட்டை கூடாதா? சரி, அவரவர் வீட்டு வழக்கம். தால்சாதான் உங்களுக்கு விடை. பருப்பு சோற்றைப் பிடித்துக்கொள்ளும், முட்டை தேவையே இல்லை. எலும்பை எடுத்துவிட்டு, அரை கப் வெந்நீர் விட்டுக் கொதிக்கவைத்து, 4 கப் பிரியாணிக்கு ஒன்றரை கப் தால்சா கலந்தால் போதும். பட்டை, பிரிஞ்சி இலை, ஏலக்காயைப் பொறுக்கி வெளியே எடுத்துவிடுங்கள். மறு சூட்டில் அவை இன்னும் காரசாரமாக இறங்கும். சீரகசம்பா என்றால் கரண்டி போட்டுக் கிண்டாமல் கையால் புரட்டுங்கள். பொடி அரிசி, குழைந்துவிடும். பிரியாணியில் நெய் இருக்கிறது, மேற்கொண்டு எதுவும் வேண்டாம். ஆனியன் ரைத்தாவை மட்டும் புதிதாகப் போட்டுக்கொள்ளுங்கள்.

கேள்வி (காசிமேடு): மீன் குழம்பில் செய்யலாமா?

பதில்: புளி இருக்கிறது, பால் திரியும். அதோடு மறுநாள் மீன் குழம்புக்கு இட்லி இருக்கும்போது அதை ஏன் கெடுப்பது? வறுத்த வஞ்சிரம் மீந்தால் முள் எடுத்து, தேங்காய்ப் பால் விட்டுச் செய்யுங்கள்.

கேள்வி (புதுவண்ணாரப்பேட்டை): பீஃப் வறுவல், சிக்கன் 65, போட்டி (குடல் கறி), இதெல்லாம்?

பதில்: பீஃப் வறுவல் அருமையாக இருக்கும், ஆனால் வறண்டது. ரெண்டு தக்காளியை வதக்கி, தண்ணீர் விட்டு, அதில் பத்து நிமிடம் வறுவலைக் கொதிக்கவைத்துச் சேருங்கள். 65 உள்ளே போனால் மாவு நமுத்துவிடும், கடைசிப் பத்து நிமிடத்தில் மேலே அடுக்குங்கள். போட்டி வேண்டாம். அந்த வாசனைக்குத் தோசைக்கல்லும் மிளகும்தான் சரி, ட்ரே முழுக்கப் பரவினால் கறி ருசியே தெரியாது.

கேள்வி (எருக்கஞ்சேரி): சீஸ் போட்டே ஆகணுமா? புழுங்கல் அரிசிச் சோறு ஆகுமா? கண்ணாடி ட்ரே வைக்கலாமா?

பதில்: சீஸ் கட்டாயம் இல்லை. மட்டன் குழம்புக்கு நான் போடவே மாட்டேன், ரெண்டும் ஒன்றை ஒன்று அமுக்கும். சிக்கனுக்குக் கொஞ்சம் துருவிப் போடலாம். புழுங்கல் சோறு தாராளமாக ஆகும், உடையாமல் நிற்கும். கண்ணாடி ட்ரே ஓவனுக்கானதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஃபிரிட்ஜில் இருந்து எடுத்த கையோடு சூடான ஓவனுக்குள் வைத்தால் விரிசல் விடும்.

கேள்வி (மூலக்கடை): நடுவில் சூடு ஏறிடுச்சான்னு எப்படிப் பார்க்கிறது? மீந்தால் மறுநாள் பிள்ளைக்கு டிபன் பாக்ஸில் கொடுக்கலாமா?

பதில்: தெர்மாமீட்டர் இருந்தால் நடுவில் 74 டிகிரி காட்ட வேண்டும். இல்லையென்றால் கத்தி முனையை நடுவில் பத்து விநாடி குத்தி வைத்து எடுத்து, புறங்கையில் லேசாகத் தொட்டுப் பாருங்கள், சுரீர் என்று இருக்க வேண்டும். வெதுவெதுப்பு போதாது, மூடி இன்னும் பத்து நிமிடம் வையுங்கள்.

மீந்ததில் செய்ததை மறுபடி மீத்து, மறுபடி சூடாக்கி, மத்தியானம் வரை பாக்ஸில் வைப்பது வேண்டாம். பிள்ளைக்குக் கொடுக்க ஆசையென்றால் ஞாயிறு ராத்திரியே ஒரு கிண்ணம் அளவுக்குச் சோறும் கறியும் தனியாக எடுத்து ஃப்ரீசரில் போடுங்கள். அடுத்த லீவு நாளில் சின்ன ட்ரேயில் செய்து சுடச்சுட வீட்டிலேயே கொடுத்துவிடலாம்.