கதை, அரசியல், பொப் பாட்டு: பத்திரிகைக்காரர் புத்தகம் போடும்போது (கேள்வி பதில்)

வெள்ளவத்தை வாசகர்: சிறுகதை 11, அரசியல் பத்தி 60, பாட்டுக்காரர் பற்றிய கட்டுரை 15 இருக்கின்றன. ஒரே தொகுப்பாகப் போடலாமா?

வேண்டாம். நூலகத்தில் துறைக்கு ஓர் எண் போட்டு அடுக்குவார்கள்: தமிழ்ப் புனைகதைக்கு 894.8113, இலங்கை அரசியலுக்கு 320.95493, இசைக்கு 780களில் ஓர் எண். மூன்றையும் சேர்த்துக் கட்டினால் ஏதோவொரு தட்டில்தான் வைப்பார்கள். பாட்டைத் தேடி வருபவர் கண்ணில் அது படவே படாது. பத்தி 60ஐ 35 ஆக்குங்கள். தேர்தல் வாரத்தில் எழுதியவைதான் முதலில் பழசாகும். ஒவ்வொன்றின் அடியிலும் வெளியான திகதியைப் போடுங்கள். திகதி இல்லாத அரசியல் பத்தி வெறும் புலம்பல்.

கொட்டாஞ்சேனை வாசகர்: பழைய கோப்பெல்லாம் பாமினியில், அதாவது யூனிகோட்டுக்கு முந்திய தமிழ் எழுத்துருவில். யூனிகோட்டுக்கு மாற்றினால் குப்பையாக வருகிறது.

மாற்றும் மென்பொருளுக்கு எது எந்த எழுத்துரு என்று தெரியாது; ஆங்கில எழுத்தையும் பாமினி என்றே எடுத்துக்கொள்ளும். எஃப்.எம். என்று ஆங்கிலத்தில் அடித்த இடத்தில் ‘குஆ’ வந்து நிற்கும். காற்புள்ளி இன்னும் மோசம்: பாமினியில் அந்த விசை ‘இ’. ஆகவே ஆங்கில எழுத்துருவில் போட்ட காற்புள்ளியெல்லாம் ‘1983இ 1987இ’ என்று மாறும். முதலில் கோப்பில் ஆங்கிலத் துண்டுகளுக்கு நிறம் பூசி வெளியே எடுங்கள், மிச்சத்தை மட்டும் மாற்றுங்கள். பிறகு ‘இ’யும் அதை அடுத்து ஓர் இடைவெளியும் சேர்த்துத் தேடுங்கள். தமிழ்ச் சொல்லின் கடைசியில் தனி இ வராது, அகப்படுவதெல்லாம் காற்புள்ளிதான். ஒரேயடியாக ‘எல்லாவற்றையும் மாற்று’ கொடுக்காதீர்கள், ஒவ்வொன்றாகப் பாருங்கள்.

தெஹிவளை வாசகர்: ஐ.எஸ்.பி.என். (புத்தகத்துக்கான சர்வதேச எண்) எங்கே எடுப்பது?

தேசிய நூலகம், சுதந்திர அவென்யூ, கொழும்பு 7. நம் நாட்டு எண் 978-955 அல்லது 978-624 என்று தொடங்கும். அச்சுப் புத்தகத்துக்கு ஓர் எண், மின்னூலுக்கு இன்னொன்று.

மட்டக்குளி வாசகர்: சம்பளத்துக்கு எழுதிய பத்திகளை நானே போடலாமா?

2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, வேலையின் பகுதியாக எழுதியதன் பொருளாதார உரிமை வேலை கொடுத்தவருக்கு; ஒப்பந்தத்தில் வேறுமாதிரி இருந்தாலொழிய. ஆகவே எழுத்தில் அனுமதி வாங்குங்கள், தொலைபேசியில் ‘சரி’ சொன்னது போதாது. அனுமதிக் கடிதத்தில் ஒவ்வொரு பத்தியின் தலைப்போடு அது வெளியான திகதியும் இருக்கட்டும்.

வத்தளை வாசகர்: ‘கற்பனை’ என்று போட்டால் அரசியல்வாதியைப் பற்றி எதையும் எழுதலாம்தானே?

இல்லை. குற்றவியல் அவதூறு 2002இல் நீக்கப்பட்டது. நட்டஈட்டு வழக்கு அப்படியே இருக்கிறது. வேறு சட்டங்களும் பாயலாம்: 2019இல் சிங்கள எழுத்தாளர் ஷக்திக்க சத்குமார கைதாகி மாதக்கணக்கில் மறியலில் இருந்தது ஒரு சிறுகதைக்காக. பெயரை மாற்றிவிட்டு, பதவி, ஊர், வாகன நிறம் மூன்றையும் அப்படியே விட்டால் பெயர் மாற்றிப் பயனில்லை.

வெள்ளவத்தை வாசகர்: பாட்டு முழுவதையும் அச்சிடலாமா? இன்னொன்று, ‘சுராங்கனி’ பாட்டைப் பொப் என்கிறார்கள். அது பைலா!

பம்பலப்பிட்டி வாசகர்: ஏ. ஈ. மனோகரனைப் பொப் இசைச் சக்கரவர்த்தி என்று ஊரே சொன்னது. பைலாச் சக்கரவர்த்தி என்றா சொன்னது?

இரண்டு பேரும் வேறுவேறு விஷயத்தைச் சொல்கிறீர்கள். பைலா தாளத்தின் பேர்: போர்த்துக்கேயர் வழி வந்த 6/8 ஓட்டம். பொப் அந்தக் காலத்து மேடையும் வானொலியும் வைத்த பேர். துள்ளிசை என்றும் சொன்னார்கள். பாடகர்கள் நித்தி கனகரத்தினத்தையும் மனோகரனையும் ஒரே அத்தியாயத்தில் வைப்பதானால் தலைப்புக்குப் பொப், தாளத்தை விளக்கும் இடத்தில் பைலா. சென்னை வாசகருக்காகச் சொல்லடைவில் ‘பாப் – பொப் பார்க்க’ என்று ஒரு வரி போடுங்கள்.

பாட்டு வரிகளுக்கு வருவோம். எழுதியவர் இறந்தபின் 70 வருடம் உரிமை இருக்கிறது. விமர்சனத்துக்கு ஓரிரு வரி, பெயரோடு, எடுக்கலாம். முழுப் பாட்டுக்கு அனுமதி வேண்டும். பாடியவரையும் எழுதியவரையும் ஒரே ஆளாக்கிவிடாதீர்கள்.

மருதானை வாசகர்: ஐ.எஸ்.பி.என். எடுக்க எங்கே போவது?

மேலே தெஹிவளைக்காரருக்குச் சொன்னது.

பம்பலப்பிட்டி வாசகர்: அப்படியானால் பைலா பொப்புக்குள் அடக்கம்?

இல்லை. பைலாவில் பொப் ஆகாததும் உண்டு, பொப்பில் பைலா அல்லாததும் உண்டு. இதோடு விடுங்கள்.

கிருலப்பனை வாசகர்: அட்டையில் புத்தக முதுகுக்கு எவ்வளவு அகலம் விடுவது?

16 பக்கப் படிவம் (ஒன்றாக அச்சிட்டு மடிக்கும் பெரிய தாள்) 13 என்றால் 208 பக்கம், அதாவது 104 தாள். 80 ஜிஎஸ்எம் (சதுர மீற்றருக்கு 80 கிராம்) தாளின் தடிப்பு ஏறத்தாழ 0.1 மி.மீ. ஆகவே சுமார் 10.5 மி.மீ., அட்டைக்கு அரை மி.மீ. கூட்டுங்கள். அச்சகம் தாளை மாற்றினால் முதுகும் மாறும். அட்டை வடிவமைப்பை அனுப்புமுன் அவர்களிடம் ஒரு வெற்றுப் பிரதி கட்டித் தரச்சொல்லி அளவுகோலால் அளந்துபாருங்கள்.