சாலைத் தெருவை இடிக்கலாமா?

கேள்வி: திருவனந்தபுரத்தில் ‘சாலை’ என்கிற பழைய கடைத்தெருவில் நடக்கவே இடமில்லை. இரண்டு பக்கமும் இடித்து, கார் போகிற அளவுக்கு அகலப்படுத்தினால் என்ன? பழம்பெருமையை இன்னும் எத்தனை காலம் பேசுவது? (ஒரு வாசகர், பாறசாலை)

பதில்: பெருமை கிடக்கட்டும், வியாபாரத்தையே பேசுவோம். கிழக்கேகோட்டைப் பக்கம் நுழைந்து கிள்ளிப்பாலம் பக்கம் வெளியே வருவதற்குள் பலசரக்கு, வெற்றிலை, பூ, பாத்திரம், பூஜை சாமான், நாட்டு மருந்து, கயிறு, முறம் என்று ஒரு கல்யாணத்துக்கு வேண்டிய அத்தனையும் வாங்கிவிடலாம். கடைகள் தோளோடு தோள் ஒட்டி நிற்பதால்தான் இது நடக்கிறது. இடித்தால் பெரிய முதலாளி வேறு இடம் பார்த்துக்கொள்வார். முன்பக்கம் நாலடி இடத்தில் எலுமிச்சம்பழம் விற்பவர் எங்கே போவார்?

இந்தத் தெரு தானாக முளைத்ததல்ல. 18-ஆம் நூற்றாண்டின் கடைசியில், திருவிதாங்கூர் மன்னர் தர்மராஜாவின் ஆட்சியில், திவான் ராஜா கேசவதாஸ் உண்டாக்கியது. ஆலப்புழைத் துறைமுகத்தை வளர்த்த அதே மனிதர்தான், பிறந்தது இன்றைய குமரி மாவட்டத்து விளவங்கோடு பக்கம். நாஞ்சில் நாட்டு நெல்லும் கோட்டாற்றுச் சரக்கும் காளை வண்டியில் கரமனை ஆற்றைத் தாண்டி இங்கேதான் வந்து இறங்கின, கூடவே தமிழ் வியாபாரிகளும் வந்தார்கள், பலர் இங்கேயே தங்கிவிட்டார்கள். அப்போது நாஞ்சில் நாடும் திருவனந்தபுரமும் ஒரே திருவிதாங்கூர். 1956 நவம்பர் 1-ல் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் தமிழ்நாட்டோடு சேர்ந்தன, ஆனால் சரக்கு நிற்கவில்லை. ஓணம் வந்தால் இன்றைக்கும் தோவாளைப் பூ இங்கே குவிகிறது. ஆற்றுகால் பகவதி கோயில் பொங்கலைக்கு மண்பானை வாங்க வருகிற கூட்டத்தை நீங்களே பார்த்திருப்பீர்கள். நவராத்திரிக்கு பத்மநாபபுரத்துச் சரஸ்வதியோடு புறப்பட்டு வரும் வேளிமலைக் குமாரசுவாமி தங்குவது இந்தத் தெருவை ஒட்டிய ஆரியசாலைக் கோயிலில்தான். அத்தனை பேரும் இந்தத் தெருவை இன்றைக்கும் நம்பி வருகிறார்கள், அதனால்தான் கோபமாகவே எழுதுகிறேன்.

தீப்பிடித்தால் வண்டி உள்ளே போக வழி இருக்கிறதா என்று கேட்டிருந்தால் நானும் உங்களோடு நின்றிருப்பேன். தலைக்கு மேல் பின்னிக் கிடக்கும் ஒயர்களை மண்ணுக்கடியில் கொண்டுபோக வேண்டும். மழை பெய்தால் பொங்கும் ஓடையைச் சரிசெய்ய வேண்டும். லாரியில் சரக்கு இறக்குவதை விடியலுக்கு முன்பே முடித்துவிடச் சொல்ல வேண்டும், அதற்கு சுமை தூக்கும் தொழிலாளர்களையும் கடைக்காரர்களையும் ஒன்றாக உட்கார வைத்துப் பேச வேண்டும். அப்புறம், காலையிலிருந்து ராத்திரி வரை நின்று வேலை பார்க்கும் பெண்களுக்கு ஒரு நல்ல கழிப்பறை. இதில் எதற்கும் ஒரு சுவரைக்கூட இடிக்க வேண்டியதில்லை.

சரி, கார்? அது உள்ளே வரவே வேண்டாம். பாறசாலையிலிருந்து வரும் பஸ் கிள்ளிப்பாலம் வழியாகத்தான் தம்பானூர் பஸ் நிலையத்துக்குப் போகிறது, கிள்ளிப்பாலத்திலேயே இறங்கி ஒரு பையோடு நடந்து வாருங்கள்.