வாசகர் கேள்வி: ஊரெல்லாம் ரசிகர், வீட்டில் பேச ஆளில்லை

கேள்வி: என் அண்ணன் ஓர் இசைக்குழுவில் பாடுகிறார். மட்டக்களப்பிலிருந்து அக்கரைப்பற்று வரை அவரைத் தெரியாதவர்கள் குறைவு. ஆனால் வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு படுத்தே கிடக்கிறார். எங்களோடும் கதைப்பதில்லை. இவ்வளவு பேர் கிடைத்தும் என்ன குறை, ஐயா?
– ஒரு தங்கை, களுவாஞ்சிக்குடி

பதில்: தங்கச்சி, முதலில் கலண்டரை எடுத்துப் பாருங்கள். ஆடி அமாவாசைக்கு மாமாங்கத் தீர்த்தம், ஆவணியில் மண்டூர், பிறகு கொக்கட்டிச்சோலைத் தேர். ஊர் குடும்பம் குடும்பமாகத் திரளும் காலத்தில்தான் பாட்டுக்காரனுக்கு வேலை. நானும் தபேலா தட்டித் திரிந்தவன். சொந்த மச்சானின் கல்யாணத்தன்று முன்பின் தெரியாத ஒருவரின் கல்யாணத்தில் வாசித்துக்கொண்டிருந்தேன். நாங்கள் ஓய்ந்து வீடு திரும்பும்போது மற்றவர்கள் வேலைக்குப் போய்விடுவார்கள். அப்புறம் யாரோடு கதைப்பது?

மாரி வந்தால் இன்னும் மோசம். ஐப்பசி பிறந்தால் திறந்தவெளி மேடை ஓய்ந்துவிடும், ஃபோனும் அடிக்காது. செல்ஃபி எடுத்தவர்களுக்கு அவருடைய பாட்டுத்தான் தெரியும், அவரைத் தெரியாது.

எம்.கே. தியாகராஜ பாகவதரை உங்கள் தாத்தாவிடம் கேட்டால் சொல்வார். 1944 தீபாவளிக்கு வந்த ‘ஹரிதாஸ்’ சென்னையில் ஒரே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது. படம் வந்த கொஞ்ச நாளிலேயே கொலை வழக்கில் அவர் கைதானார். அவர் குரலைக் கேட்க வெளியே கூட்டம் அலைமோதியபோது, ஆள் சிறைக்குள் இருந்தார். 1947இல் நிரபராதி என்று வெளியே வந்தார். அதன்பின் நடித்த படங்கள் எடுபடவில்லை. 1959இல் காலமானார்.

சரி, அண்ணனுக்கு என்ன செய்யலாம்? “நல்லாப் பாடினீங்க” என்பதைக் கொஞ்ச நாள் நிறுத்துங்கள். பெரும்போக விதைப்பும் மாரியோடுதானே வருகிறது? சொந்தக்காரர் யாருக்காவது வயல் இருந்தால், வரம்பு கட்ட அவரைக் கூப்பிடச் சொல்லுங்கள். சேற்றில் நிற்கிறவனிடம் யாரும் பாட்டுக் கேட்க மாட்டார்கள். கேட்கிற சித்தப்பா ஒருவர் எந்தக் குடும்பத்திலும் இருப்பார், அவரை மட்டும் தூர வையுங்கள்!

தூக்கமும் சாப்பாடும் இரண்டு வாரத்துக்கு மேல் குறைந்திருந்தால் வயலெல்லாம் பிறகு. ஆஸ்பத்திரி மனநலப் பிரிவுக்குக் கூட்டிப்போங்கள். வர மறுத்தால், 1926 தேசிய மனநல உதவி எண். நீங்களே எடுத்துக் கதைக்கலாம்.