உங்கள் மாயசக்தி எங்கிருந்து சுரக்கிறது?

கேள்வி: மலேசியாவின் சுங்கை சிப்புட் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், பிறந்து வளர்ந்தவள் நான். மாய உலகத்தில் நடக்கும் நாவல் ஒன்று எழுதுகிறேன். கதாநாயகிக்கு நூறு அளவு சக்தி. ஒரு மந்திரத்துக்குப் பத்து குறையும், தூங்கி எழுந்தால் மறுபடியும் நூறு. படித்துப் பார்த்த தோழிகள், "அப்படியென்றால் வில்லனை முதல் அத்தியாயத்திலேயே முடித்துவிடலாமே" என்கிறார்கள். இந்தச் சக்திக்கு ஒரு தத்துவம் அமைப்பது எப்படி?

பதில்: தோழிகள் சரியாகத்தான் கேட்டிருக்கிறார்கள். நீங்கள் போட்டிருப்பது கைப்பேசி பேட்டரிக் கணக்கு. சக்தி எவ்வளவு என்று சொல்லிவிட்டீர்கள். அது எதற்குள் இருக்கிறது, எடுத்தால் எடுத்த இடம் என்ன ஆகும், எடுத்தபின் அது யாருக்குச் சொந்தம் என்று சொல்லவில்லை. இவற்றுக்குப் பதில் கிடைத்துவிட்டால் எண்ணே தேவைப்படாது.

பதிலைத் தேடி நீங்கள் வெகுதூரம் போக வேண்டாம். என் அம்மா பால்மரம், அதாவது ரப்பர் மரம், சீவிப் பால் எடுத்தவர். விடியுமுன் தலைவிளக்கோடு மரவரிசையான நிரைக்குள் போவார். சின்ன வயதில் நானும் பால் வடியும் கிண்ணமான மங்கைத் துடைக்கக் கூடப் போவேன். ஏன் அந்த நேரம்? இரவில் இலை வழியே நீர் அதிகம் போகாததால் பட்டைக்குள் இருக்கும் பால்குழாய்களில் அழுத்தம் கூடியிருக்கும். வெயில் ஏற ஏற அந்த அழுத்தம் இறங்கும், பாலும் குறையும். இதை அப்படியே உங்கள் உலகத்துக்கு எடுத்துக்கொள்ளுங்கள். சக்தி உயிருள்ள ஒன்றுக்குள் அழுத்தத்தோடு இருக்கிறது. காயம் பட்டால்தான் வெளியே வரும், அதுவும் எல்லா நேரத்திலும் ஒரே மாதிரி வராது.

அடுத்தது வெட்டு. பால்குழாய்கள் மரத்தில் நேராக ஏறுவதில்லை, வலப்பக்கம் சற்றே சாய்ந்து ஏறுகின்றன. அதனால்தான் வெட்டுக்கோடு இடப்பக்க மேலிருந்து வலப்பக்கக் கீழாக இறங்குகிறது. அப்படிச் சீவினால் அதிகக் குழாய்கள் அறுபடும். ஆழமும் முக்கியம். பட்டைக்கு அடியில் மரத்தை வளரவைக்கும் மெல்லிய படலம் ஒன்று உண்டு. கத்தி அதைத் தொட்டுவிட்டால் புதுப்பட்டை முண்டும் முடிச்சுமாக வளரும், அந்த இடத்தில் பிறகு ஒழுங்காகச் சீவ முடியாது. உங்கள் மந்திரவாதிகளில் கெட்டிக்காரர் யார், அவசரக்காரர் யார் என்பதை இந்த ஒன்றிலேயே காட்டலாம். மந்திரச் சொல் எல்லாருக்கும் தெரிந்திருக்கட்டும், கை பழகியவர் சிலராக இருக்கட்டும்.

சில மணி நேரத்தில் பால் தானே உறைந்து குழாயின் வாயை அடைத்துக்கொள்ளும். மரம் தன்னைக் காத்துக்கொள்ளும் வழி அது. அப்புறம் இழந்த பாலை உள்ளே மறுபடி உண்டாக்க அதற்கு அவகாசம் வேண்டும். ஒருநாள் விட்டு ஒருநாள் சீவுவது அதற்காகத்தான். பேராசைப்பட்டு ஓயாமல் சீவினால் வெட்டுக்கோடு வறண்டுபோகும். மரம் பச்சையாக நிற்கும், பால் மட்டும் வராது. உங்கள் உலகத்தில் ஒரு மந்திரவாதி இப்படி வறண்டுபோனால் அவர் சாக மாட்டார், சாப்பிடுவார், பேசுவார். அந்த நிலையை ஒரு முழுப் பாத்திரமாகவே எழுதுங்கள் என்று உங்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

ஒட்டுப்பாலை மறந்துவிடாதீர்கள். வெட்டுக்கோட்டில் காய்ந்து நாடாவாக ஒட்டியிருப்பதை அடுத்தமுறை உரித்துப் பையில் போடுவோமே, அதேபோல் பழைய மந்திரங்களின் மிச்சமும் எங்காவது ஒட்டிக்கிடக்கட்டும். தரம் குறைவுதான், ஆனால் ஏழைப் பிள்ளைகளுக்குக் கிடைக்கும் மாயம் அதுவாக இருக்கலாம்.

சொந்தம் யாருக்கு என்பதைத்தான் நான் மிக முக்கியமாக நினைக்கிறேன். சேரன் நெடுஞ்சேரலாதன் பகைவரின் காவல் மரமான கடம்பை வெட்டி அதில் முரசு செய்துகொண்டதாகச் சங்கப் பாடல்கள் சொல்கின்றன. மரத்தில் இருந்த காவல் முரசுக்கு மாறியதா, அல்லது முரசுக்குள் அது இன்னும் பகைவருக்காகவே காத்திருக்கிறதா? பக்கத்துக் கம்பத்து (கிராமத்து) மலாய்க்காரர்கள் அந்தக் காலத்தில் நெல்லுக்கும் உயிர்ச்சக்தி உண்டு என்று நம்பினார்கள், அதை 'செமாங்காட்' என்பார்கள். அது மிரண்டுவிடக் கூடாது என்று உள்ளங்கைக்குள் மறையும் சின்னக் கத்தியால் கதிர் அறுத்தார்கள். முதலாவதில் சக்தி கைப்பற்றப்படும் பொருள், இரண்டாவதில் மனம் நோகக்கூடிய உயிர். உங்கள் உலகம் எந்தப் பக்கம் என்று முதலில் முடிவு செய்யுங்கள். தோட்டத்தில் பால் மரத்துடையது, உழைப்பு அம்மாவுடையது, எடை போட்டுக் கணக்கு எழுதியவர் கிராணி, அதாவது தோட்டத்து எழுத்தர். மூவரையும் கதைக்குள் கொண்டுவந்தால் வில்லன் தானாகவே கிடைப்பான்.

சரி, தோழிகளின் கேள்விக்கு வருவோம். வில்லன் வருவது உச்சிவெயிலில். முந்தின நாள்தான் சீவிய மரம், பழைய வெட்டுக்கோடு உறைந்து கிடக்கிறது. இப்போதே வேண்டுமென்றால் கதாநாயகி படலம் வரைக்கும் ஆழமாக வெட்டியாக வேண்டும், வெட்டினால் அந்தப் பக்கப் பட்டை போய்விடும். அவள் கத்தியைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறாள். முதல் அத்தியாயத்தை அந்த இடத்தில் முடித்துவிட்டு, தோழிகளிடம் மறுபடி கொடுத்துப் பாருங்கள்.