லிண்டி ஹாப்: ஃபிராங்கி மானிங் பற்றிக் கேட்டவர்களுக்கு

பல ஆண்டுகளாக லிண்டி ஹாப் என்ற ஜோடி நடனத்தைக் கற்பித்து வருகிறேன். இந்த நடனத்தை உலகெங்கும் கொண்டுபோன ஃபிராங்கி மானிங்கைப் பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள் இவை.

ஸ்விங், லிண்டி ஹாப் இரண்டும் ஒன்றா?

ஸ்விங் என்பது ஜாஸ் இசைக்கு ஆடும் நடனங்களின் குடும்பம். அதன் மூத்த பிள்ளைகளில் ஒன்று லிண்டி ஹாப். 1920களின் இறுதியில், நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் கறுப்பின இளைஞர்கள் ஜாஸ் இசைக்கு ஆடி வளர்த்தது.

மானிங் ஆடிய சவாய் நடனக்கூடத்துக்கு ஏன் இத்தனை பெருமை?

1926இல் ஹார்லெமின் லெனாக்ஸ் அவென்யூவில் திறந்தார்கள். உள்ளே இரண்டு மேடைகள். ஒரு இசைக்குழு ஓய்ந்ததும் அடுத்தது தொடங்கிவிடும். நிறவெறி தலைவிரித்தாடிய நாட்டில், கறுப்பரும் வெள்ளையரும் அங்கே ஒரே தளத்தில் ஆடினார்கள். 1958இல் மூடிவிட்டார்கள்.

துணையை முதுகின் மேல் உருட்டி இறக்கும் அசைவு மானிங் கண்டுபிடித்ததுதானா?

ஆம், ஆனால் விதை சவாயில் ஆடிய ஷார்ட்டி ஸ்னோடன், பிக் பியா ஜோடியுடையது. ஸ்னோடன் குள்ளம், பியா நல்ல உயரம். ஆட்டம் முடியும்போது முதுகோடு முதுகு ஒட்டிக் கைகளைக் கோத்துக்கொள்வார்கள். பியா குனிந்து அவரைச் சுமந்தபடி வெளியேற, அவர் அந்தரத்தில் காலை உதைத்துக்கொண்டே போவார். கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். மானிங் அதற்கு மேல் யோசித்தார்: சுமந்ததோடு நிற்காமல் உருட்டி முன்பக்கம் இறக்கினால் என்ன? தன் நடனத் துணை ஃப்ரீடா வாஷிங்டனுடன் தரையில் மெத்தை போட்டுப் பழகினார். 1935இல் ஸ்னோடன் அணியோடு நடந்த போட்டியில், சிக் வெப்பின் ஜாஸ் இசைக்குழு வாசிக்க, ஃப்ரீடா மானிங்கின் முதுகின் மேல் உருண்டு, தாளம் பிசகாமல் எதிரே வந்து நின்றார். மாணவர்கள் தூக்குவதை மட்டுமே பார்க்கிறார்கள். தாளத்தில் இறங்கத் தெரியாதவரை நான் யாரையும் தூக்க விடுவதில்லை.

மானிங் தபால் துறையில் வேலை பார்த்தாராமே?

உண்மைதான். எனக்கு இன்றும் மனம் ஆறவில்லை. இரண்டாம் உலகப் போரிலிருந்து திரும்பியபோது இசையின் போக்கே மாறியிருந்தது. சொந்த நடனக்குழு நடத்திப் பார்த்தார். வாய்ப்புகள் வற்றிப்போக, 1955இல் தபால் வேலையில் சேர்ந்தார். முப்பது ஆண்டுகளுக்கும் மேல் அங்கேயே. 1980களில் கலிஃபோர்னியாவிலிருந்தும் ஸ்வீடனிலிருந்தும் இளைஞர்கள் அவரைத் தேடி வந்தபோது எழுபதைத் தாண்டியிருந்தார். 1989இல் ‘பிளாக் அண்ட் ப்ளூ’ மேடை நிகழ்ச்சியின் நடன அமைப்புக்காக, அமெரிக்க நாடக உலகின் டோனி விருதையும் பகிர்ந்துகொண்டார்.

மானிங் எப்படிக் கற்பித்தார்?

நாம் ஜதி சொல்வதுபோல, அடிகளை வாயாலேயே பாடிக் காட்டுவார். ஆடும் முன் துணைக்குத் தலைவணங்கச் சொல்வார். எதிரே நிற்பவர் அரசி என்பது அவர் பாடம். என் வகுப்பும் அந்த வணக்கத்தில்தான் தொடங்குகிறது.

எனக்கு 52 வயது, முட்டிவலி உண்டு. ஆடலாமா?

தன் 85ஆவது பிறந்தநாளில் 85 பெண்களோடு அடுத்தடுத்து ஆடியவர் மானிங். நீங்கள் முதலில் மருத்துவரிடம் காட்டிவிட்டு வாருங்கள். தாழக் குனிய வேண்டாம், அடிகளைச் சிறிதாக வையுங்கள். ரப்பர் அடி வைத்த காலணி வேண்டாம். திரும்பும்போது தரையைப் பிடித்துக்கொண்டு முட்டியை முறுக்கிவிடும். தோல் அடி வைத்தது வாங்குங்கள்.