கேள்வி–பதில்: பெர்லினின் இடிபாட்டுச் செங்கல்

கேள்வி: 1945க்குப் பிறகு பெர்லினில் பெண்கள் வரிசையாக நின்று செங்கல்லைக் கைமாற்றும் படங்களைப் பார்த்திருக்கிறேன். குண்டு விழுந்த வீட்டுக் கல்லை மறுபடி கட்ட முடியுமா?

பதில்: முடிந்தது, காரணம் சுண்ணாம்பு. அந்தப் பழைய அடுக்குமாடி வீடுகள் பெரும்பாலும் சுண்ணாம்புக் கலவையில் எழுந்தவை. அது கல்லைவிட மென்மை. சுத்தியலால் பக்கவாட்டில் தட்டினால் உதிரும். சிமென்ட் கலவையாக இருந்தால் கலவை விடுவதற்குள் கல் உடைந்துவிடும். தீயில் விரிசல் விட்டதையும் மூலை போனதையும் ஒதுக்குவார்கள். நல்ல கல்லை வரிக்கு 16 வீதம் 12 வரி அடுக்கி, உச்சியில் 8 வைத்தால் 200. மேற்பார்வையாளர் கல்லை எண்ண வேண்டியதில்லை, அடுக்கை எண்ணினால் போதும்.

படங்களை மட்டும் நம்பிவிடாதீர்கள். கனமான வேலையின் பெரும்பகுதியை இயந்திரங்களும் சிறு தண்டவாள வண்டிகளும் வைத்திருந்த ஒப்பந்த நிறுவனங்களே செய்தன.

கேள்வி: கூலி எவ்வளவு?

பதில்: மணிக்கு 72 ஃபெனிக் (100 ஃபெனிக் ஒரு ஜெர்மன் மார்க்). கறுப்புச் சந்தையில் ஒரு வாரக் கூலி ஒரு ரொட்டிக்கே சரியாகிவிடும். பெண்கள் வந்தது ரேஷன் அட்டைக்காக. வேலையில்லாத இல்லத்தரசிக்குக் கடைசியான ஐந்தாம் வகுப்பு அட்டை, நாளைக்கு 300 கிராம் ரொட்டி; கட்டட உதவியாளுக்கு இரண்டாம் வகுப்பு, 500 கிராம்.

கேள்வி: உடைந்த கல்லை என்ன செய்தார்கள்?

பதில்: அரைத்து ஜல்லியாக்கி, சிமென்ட் சேர்த்து பிளாக் வார்த்தார்கள். இதில் இரண்டு வம்பு. செங்கல் ஜல்லி தண்ணீரைக் குடிக்கும். முன்கூட்டியே நனைக்காவிட்டால் கலவையின் ஈரத்தை இழுத்து, சிமென்ட் சரியாக இறுகாது. இரண்டாவது மோசமானது: பழைய பூச்சிலிருந்து ஜிப்சம் கலந்துவிட்டால் அது ஈரத்தில் சிமென்டோடு வினைபுரிந்து வீங்கும், பிளாக் உள்ளிருந்தே வெடிக்கும். உடனே தெரியாது என்பதுதான் சிக்கல். அதனால் அரைக்கும் முன்பே பூச்சைப் பிரிக்க வேண்டும்.

கேள்வி: பழைய கல்லும் புதிய கல்லும் ஒரே சுவரில் சேருமா?

பதில்: சேராது. பழையது 25 × 12 × 6.5 செ.மீ.; 1950களில் வந்த புதிய அளவு 24 × 11.5 × 7.1. ஒரு மீட்டர் உயரத்துக்குப் பழையதில் 13 வரி, புதியதில் 12. மூலையில் ஒன்றோடொன்று பிணைக்கவே வராது. தனித்தனிச் சுவராக எழுப்புவதே வழி.

கேள்வி: மிச்சம்?

பதில்: மலையானது. நகரின் மேற்கே, நாஜிகள் பாதியில் விட்ட ராணுவத் தொழில்நுட்பக் கல்லூரிக் கட்டடத்தின் மேலேயே 1972 வரை கொட்டினார்கள். டாய்ஃபெல்ஸ்பெர்க் என்று பெயர்; கடல்மட்டத்திலிருந்து சுமார் 120 மீட்டர்.